வராதவரின் அப்பீலும் காத்திருந்தவரின் கல்யாணமும்: வேலூர் நீதிமன்றத்திலிருந்து ஒரு வழக்கு

தை பிறக்க ஏழு வாரம் இருந்தது. ஷூ கம்பெனி ஒன்றில் தையல் பிரிவில் வேலை பார்க்கும் பெண் அவர். ஷிப்ட் முடிந்ததும் அண்ணனோடு பஸ் ஏறி, இருட்டிய பிறகு சத்துவாச்சாரியில் இருக்கும் எங்கள் வக்கீல் அலுவலகத்துக்கு வந்தார். சாப்பாட்டுப் பையைக்கூட கீழே வைக்கவில்லை. போனை என் முன்னால் நீட்டினார். மறுமணத்துக்குப் பேசிவைத்த மாப்பிள்ளை வீட்டுப் பையன் ஒருவன், வழக்கு விவரம் பார்க்கும் இ-கோர்ட்ஸ் செயலியில் அவர் பெயரைப் போட்டுத் தேடியிருக்கிறான். வேலூர் மாவட்ட நீதிமன்றத்தில் ஒரு சி.எம்.ஏ., அதாவது உரிமையியல் பல்வகை மேல்முறையீடு, நிலுவையில் இருப்பதாகத் திரையில் காட்டியது. மேல்முறையீடு செய்தவர் முன்னாள் கணவர். எதிர்மனுதாரர் இவர். வழக்கின் நிலை, நோட்டீஸ் அனுப்பும் கட்டணமான பேட்டா கட்ட வேண்டியது.

"இன்னா மேடம், டைவர்ஸ் முடிஞ்சி ஒன்றரை வருசம் ஆச்சே. இனிமே ஒண்ணும் இல்லன்னு நீங்கதானே சொன்னீங்க?" என்றார்.

நான்தான் சொன்னேன். அதனால்தான் இந்த வழக்கை எழுதுகிறேன். இருவரையும் அடையாளம் காட்டக்கூடிய விவரங்களை விட்டுவிட்டேன், சிலவற்றை மாற்றியிருக்கிறேன். சட்டம் சம்பந்தப்பட்ட எதையும் மாற்றவில்லை.

வழக்கின் முன்கதை நீளமானதில்லை. மாவட்டத்தின் ஒரு தாலுகா ஊரிலுள்ள சார்பு நீதிமன்றத்தில், கொடுமை என்ற காரணத்தை வைத்து மனைவி விவாகரத்து மனு போட்டார். எங்கள் பக்கத்தில் எச்.எம்.ஓ.பி. என்றே எல்லோரும் சொல்வது. கணவர் எதிர்த்து நின்றார், சாட்சி சொன்னார், குறுக்கு விசாரணையும் நடந்தது. மூன்று வருடத்தில் மனைவிக்குச் சாதகமாகத் தீர்ப்பு வந்தது. குழந்தை இல்லை. கொடுத்த நகையில் பாதி திரும்ப வந்தது, மீதியை அவர் கேட்கவில்லை.

அதன் பிறகு நாங்கள் செய்ததும் வழக்கமான வேலைதான். இந்து திருமணச் சட்டம் 28-ஆம் பிரிவில் அப்பீலுக்கு 90 நாள் அவகாசம். முன்பு 30 நாளாக இருந்தது. சாவித்திரி பாண்டே வழக்கில் 2002-ல் உச்ச நீதிமன்றம் அது போதாது என்று சொன்னது, 2003-ல் சட்டத்தைத் திருத்தி 90 ஆக்கினார்கள். தீர்ப்பு நகல் வாங்க ஆகும் நாட்களை இந்தக் கணக்கில் சேர்க்கக் கூடாது. அதனால் தீர்ப்பு தேதியிலிருந்து நான்கு மாதம் கழியும்வரை பொறுத்திருந்து, பெயர் போட்டுத் தேடினோம். எந்த அப்பீலும் காட்டவில்லை. "சரி, முடிந்தது" என்று சொன்னோம்.

முடியவில்லை. கணவர் எண்பதாவது நாள் வாக்கில் அப்பீலைத் தாக்கல் செய்துவிட்டார். அதில் ஏதோ குறை இருந்ததால் நீதிமன்ற அலுவலகம் திருப்பிக் கொடுத்திருக்கிறது. ரிட்டர்ன் ஆன கட்டு அவருடைய வக்கீல் அலுவலகத்தில் மாதக்கணக்கில் கிடந்து, பிறகு தாமதத்தை மன்னிக்கும் மனுவோடு மறுபடி தாக்கலாகி எண் பெற்றிருக்கிறது. எண் கிடைக்கும்வரை அது எஸ்.ஆர். என்ற தற்காலிக வரவு எண்ணில் தூங்கும் காகிதம். பெயர் போட்டுத் தேடினால் வராது. நாங்கள் தேடிய அன்று அது ரிட்டர்னில் இருந்தது. ஆனால் சட்டத்தின் கண்ணில் முதலில் தாக்கல் செய்த தேதிதான் தேதி. ஆக, அப்பீல் காலத்துக்குள் வந்ததாகிறது.

எங்களைக் கேட்காமல் உத்தரவு போட வேண்டாம் என்று முன்கூட்டியே கொடுக்கும் கேவியட் மனுவைப் போட்டிருந்தால் தெரிந்திருக்குமே என்று வாசிக்கும் வக்கீல்கள் கேட்பார்கள். உரிமையியல் நடைமுறைச் சட்டம் 148ஏ பிரிவில் போடும் கேவியட்டுக்கு ஆயுள் 90 நாள். தீர்ப்பு வந்த வாரமே போட்டிருந்தால், இந்த அப்பீல் எண் பெறுவதற்குள் காலாவதியாகியிருக்கும். ஆனாலும் எதிர்த்தரப்பு தாக்கல் செய்யும்போது நமக்கு ஒரு நகல் அனுப்பியாக வேண்டும் என்பதால், அதை நாங்கள் செய்திருக்க வேண்டும். செய்யவில்லை. அன்றிலிருந்து விவாகரத்துத் தீர்ப்பு வந்தால், இனிப்பு டப்பாவைப் பிரிப்பதற்கு முன்னால் கேவியட்டைத் தட்டச்சு செய்கிறோம்.

"ஸ்டே இல்லையே, கட்டிக்கலாமா?"

அண்ணன் கேட்ட முதல் கேள்வி இதுதான். பத்திரிகை அடித்தாயிற்று, மண்டபத்துக்கு முன்பணம் கொடுத்தாயிற்று. கணவர் தடை உத்தரவும் வாங்கவில்லை. அப்பீல் போட்ட மாத்திரத்தில் கீழ்நீதிமன்றத் தீர்ப்பு நின்றுவிடாது என்று உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 41, விதி 5 சொல்கிறது. இந்த அளவுக்கு அண்ணனுக்கே யாரோ சொல்லியிருந்தார்கள்.

மறுமணத்துக்கு மட்டும் தனியாக ஒரு பூட்டு இருக்கிறது என்பதை யாரும் சொல்லவில்லை. அது இந்து திருமணச் சட்டத்தின் 15-ஆம் பிரிவு. விவாகரத்து பெற்றவர் மறுமணம் செய்துகொள்ள மூன்று வழிகளை அது தருகிறது. அப்பீல் உரிமையே இல்லாதிருக்க வேண்டும், அல்லது அப்பீல் இல்லாமல் காலம் கழிந்திருக்க வேண்டும், அல்லது தாக்கலான அப்பீல் தள்ளுபடி ஆகியிருக்க வேண்டும். ஸ்டே இருக்கிறதா இல்லையா என்ற கேள்வியே அதில் இல்லை. பேட்டா கட்டாமல் கிடக்கிற அப்பீலும் தாக்கலான அப்பீல்தான்.

அந்த வாரம் மூன்று வக்கீல்கள் அவர்களுக்கு மூன்று விதமாகச் சொன்னார்கள். ஒருவர் தைரியமாகக் கல்யாணத்தை நடத்தச் சொல்லியிருக்கிறார். அவர் சொன்னதில் உண்மையே இல்லை என்று சொல்ல மாட்டேன். 15-ஆம் பிரிவை மீறி நடந்த கல்யாணம் அந்த ஒரு காரணத்தாலேயே செல்லாததாகிவிடாது என்ற கருத்துக்கு 1978-ல் வந்த லீலா குப்தா தீர்ப்பிலிருந்தே வேர் இருக்கிறது. 2018-ல் அனுராக் மித்தல் வழக்கிலும் உச்ச நீதிமன்றம் அந்த வழியில்தான் போனது.

டெல்லியிலிருந்து வந்த அந்த அனுராக் மித்தல் வழக்கைக் கொஞ்சம் விரித்துச் சொல்ல வேண்டும், எங்கள் முடிவு அதில்தான் தங்கியிருந்தது. முதல் மனைவிக்கு 2009 ஆகஸ்டில் விவாகரத்து கிடைத்தது. கணவர் அப்பீல் போட்டு ஸ்டேயும் வாங்கினார். 2011 அக்டோபரில் சமரச மையத்தில் இருவரும் ஒத்துப்போனார்கள். நவம்பர் 28-ஆம் தேதி அப்பீலைத் திரும்பப் பெற அவர் மனு கொடுத்தார். டிசம்பர் 6-ல் இன்னொரு பெண்ணை மணந்தார். அப்பீல் முறைப்படி தள்ளுபடியானது டிசம்பர் 20-ல். நடுவில் இருந்த அந்தப் பதினான்கு நாளைப் பிடித்துக்கொண்டு, கல்யாணமே செல்லாது என்று பின்னாளில் இரண்டாவது மனைவி வழக்குப் போட்டார். குடும்ப நீதிமன்றம் மறுத்தது, உயர் நீதிமன்றம் ஏற்றது, உச்ச நீதிமன்றம் உயர் நீதிமன்றத்தின் தீர்ப்பை ரத்து செய்தது. ஒத்துப்போய், திரும்பப் பெறும் மனுவும் கொடுத்து, அப்பீலை நடத்தப்போவதில்லை என்ற எண்ணத்தை ஒருவர் வெளிப்படுத்திவிட்டால் அந்தத் தடை அவரைக் கட்டாது என்பது தீர்ப்பின் சாரம்.

கைவிட்ட அப்பீலுக்கு நல்ல தீர்ப்பு இது. எங்கள் வழக்குக்கு மட்டும் பொருந்தவில்லை. டெல்லியில் கையெழுத்துப் போட்ட காகிதம் இருந்தது. எங்களிடம் இருந்தது வெறும் மௌனம். பேட்டா கட்டாதது, வாய்தாவுக்கு வராதது எல்லாம் சோம்பலாலும் இருக்கலாம், காசு இல்லாததாலும் இருக்கலாம், வக்கீல் சொல்லாததாலும் இருக்கலாம். நாளைக்கே அவர் வந்து நின்று, "நான் எப்போது கைவிட்டேன்?" என்று கேட்டால் பதில் சொல்ல ஒரு வரி எழுத்து கிடையாது. 2020-ல் வந்த கிருஷ்ணவேணி ராய் தீர்ப்பும் கைகொடுக்கவில்லை. காலம் கடந்து தாக்கலாகும் அப்பீல், தடை உத்தரவு எதுவும் இல்லாத நிலையில், மறுமணத்தைத் தடுக்காது என்கிறது அது. எங்கள் அப்பீலோ, ரிட்டர்ன் கதையால் காலத்துக்குள் வந்ததாகிவிட்டது.

செல்லும் என்று கடைசியில் ஒரு நீதிமன்றம் சொல்லலாம். அதற்குள் இரு தார மணம் என்று போலீஸில் ஒரு புகார் விழுந்தால் புது வீட்டில் அந்தப் பெண்ணின் நிலை என்ன? மாமியார் வீட்டில் ஒவ்வொரு சண்டைக்கும் "உன் கல்யாணமே செல்லாது" என்று யாராவது சொன்னால்? ஒருமுறை அடிபட்டு வெளியே வந்தவரை, வழக்காடினால் ஜெயிக்கலாம் என்ற நம்பிக்கையில் இன்னொரு குடும்பத்துக்குள் அனுப்ப எனக்கு மனம் வரவில்லை. கல்யாணத்தைத் தள்ளிவையுங்கள் என்றேன். அண்ணன் எழுந்து வெளியே போய்விட்டார். தங்கை மட்டும் உட்கார்ந்து, "எவ்ளோ நாளு?" என்று கேட்டார். அதற்கு என்னிடம் சரியான பதில் இல்லை.

நோட்டீஸ் வரும்வரை காத்திருக்காமல்

பேட்டா என்பது எதிர்த்தரப்புக்கு நோட்டீஸ் அனுப்பக் கட்டும் தொகை. சின்னத் தொகைதான். அதைக் கட்டாவிட்டால் நோட்டீஸ் போகாது, நோட்டீஸ் போகாவிட்டால் எதிர்மனுதாரருக்கு வழக்கே தெரியாது. விவாகரத்து அப்பீலை மூன்று மாதத்துக்குள் முடிக்க முயல வேண்டும் என்று இந்து திருமணச் சட்டத்தின் 21பி பிரிவு சொல்கிறது. ஆனால் அந்த மூன்று மாதக் கடிகாரம் எதிர்மனுதாரருக்கு நோட்டீஸ் சார்வு ஆன, அதாவது கையில் சேர்ந்த, நாளிலிருந்துதான் ஓட ஆரம்பிக்கும். பேட்டா கட்டாதவர் அந்தக் கடிகாரத்துக்குச் சாவியே கொடுக்கவில்லை. இந்த வழக்கு ஏழு வாய்தாவாக "பேட்டா" என்ற ஒரே சொல்லோடு நகர்ந்துகொண்டிருந்தது.

நாங்கள் செய்தது எளிய காரியம். நோட்டீஸ் வராமலேயே எதிர்மனுதாரருக்காக வக்காலத்து போட்டோம். அதோடு வாய்தாவை முன்னுக்குக் கொண்டுவர ஒரு மனு. நாங்களே ஆஜராகிவிட்டதால் நோட்டீஸும் தேவையில்லை, பேட்டாவும் தேவையில்லை, வழக்கு வாதத்துக்கு வந்துவிடும். எதிர்மனுதாரர் எதற்கு வலியப் போய் மாட்ட வேண்டும், அது தானாகச் செத்துப்போகும் என்று பலர் நினைக்கிறார்கள். விவாகரத்து அப்பீலில் அந்த நினைப்பு தப்பு. அது தானாகச் சாகாது, இருக்கிறவரை காலைக் கட்டியபடியே இருக்கும்.

கணவரின் வக்கீல் நல்ல மனிதர். முதல் வாய்தாவில் அவகாசம் கேட்டார். அடுத்ததில், கட்சிக்காரர் பெங்களூரில் வேலைக்குப் போய்விட்டார், போன் எடுப்பதில்லை என்றார். இதற்கிடையில் எங்கள் பெண்ணின் அண்ணன், கணவரின் மாமாவைப் பார்க்கப் போனார். "அவனுக்கே இப்ப அது ஞாபகத்துல இல்ல. நாங்களும் வேற எடத்துல பொண்ணு பாத்துகினு இருக்கோம். வரச் சொல்றேன், கையெழுத்துப் போட்டுடுவான்" என்று அவர் சொல்லியிருக்கிறார். வாபஸ் மெமோவை இரண்டு பிரதி எடுத்து வைத்துக் காத்திருந்தோம். வரவில்லை. பொங்கல் லீவில் வருகிறான் என்றார்கள், அப்போதும் வரவில்லை.

ஏன் போட்டார், ஏன் விட்டார் என்று யோசித்துப் பார்த்திருக்கிறேன். என் அனுபவத்தில் இப்படிப்பட்ட அப்பீல்கள் பெரும்பாலும் தீர்ப்பு வந்த வாரத்து ரோஷத்தில் பிறக்கின்றன. ஊரில் தோற்ற பேர் வரக்கூடாது. அல்லது ஜீவனாம்சம் கேட்டுவிடுவாளோ என்ற பயத்தில் கையில் ஒரு பிடி வேண்டும். ஆறு மாதத்தில் ரோஷமும் ஆறிவிடுகிறது, காசும் தீர்ந்துவிடுகிறது. ஆனால் போட்டவர் திரும்பி வந்து அதை எடுப்பதில்லை. எடுக்காததால் தனக்கு ஒன்றும் நஷ்டமில்லை என்று நினைக்கிறார். 15-ஆம் பிரிவு அவரையும் கட்டுகிறது என்பது அவருக்குத் தெரியாது.

அப்புறம் ஒரு சின்ன விவாதம் எங்கள் அலுவலகத்துக்குள்ளேயே நடந்தது. ஜூனியர் வழக்கறிஞர் ஒருவர் கேட்டார்: அவர் வராவிட்டால், கீழ்நீதிமன்றத் தீர்ப்பு சரியே என்று தகுதியின் அடிப்படையில் அப்பீலைத் தள்ளுபடி செய்யச் சொல்லிக் கேட்கலாமே, அது இன்னும் உறுதியாக இருக்குமே? கேட்க நன்றாக இருக்கிறது. ஆனால் கட்டளை 41, விதி 17-ல் 1976 திருத்தத்தில் சேர்த்த ஒரு விளக்கம் உண்டு. மேல்முறையீட்டாளர் ஆஜராகாதபோது தகுதியின் அடிப்படையில் தள்ளுபடி செய்ய நீதிமன்றத்துக்கு அதிகாரம் இல்லை என்கிறது அது. ஆசைப்பட்டு அப்படியொரு தீர்ப்பை வாங்கியிருந்தால், சென்னை உயர் நீதிமன்றத்தில் இரண்டாம் மேல்முறையீட்டில் அதை உடைத்து, வழக்கைத் திரும்ப வேலூருக்கே அனுப்பியிருப்பார்கள். ஆஜராகாமைக்காகத் தள்ளுபடி என்ற மூன்று வரி உத்தரவே எங்களுக்குப் போதும். நீளமான தீர்ப்பு இங்கே பலவீனமான தீர்ப்பு.

ஜனவரி வாய்தாவில் நீதிபதி எங்களுக்குப் பிடிக்காத ஒன்றைச் செய்தார். கட்சிக்காரர் தொடர்பில் இல்லை என்று வக்கீல் சொன்னதும், உடனே தள்ளுபடி செய்யாமல், மேல்முறையீட்டாளருக்கு நீதிமன்றமே நோட்டீஸ் அனுப்ப உத்தரவிட்டார். நோட்டீஸ் போய், வாங்கிய கையெழுத்தோடு திரும்பி வர மார்ச் ஆகிவிட்டது. அன்றைக்கு எனக்கு வருத்தம்தான். இப்போது யோசித்தால் அந்த வழக்கிலேயே சரியாக நடந்த காரியம் அதுதான் என்பேன். எனக்குத் தெரியாது, வக்கீல் சொல்லவில்லை என்று பிறகு அவர் வந்து சொல்லும் வாசல் அந்தக் கையெழுத்தோடு மூடிவிட்டது.

அந்த வாசல் திறந்தே இருக்க வேண்டிய வழக்குகளும் உண்டு என்பதையும் சொல்ல வேண்டும். வக்கீல் வராத குற்றத்துக்குக் கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று 1981-ல் ரஃபீக் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. நான் பார்த்த இன்னொரு வழக்கில் அப்பீல் போட்டவர் மனைவி. எக்ஸ்பார்ட்டியாக, அதாவது எதிர்த்தரப்பு ஆஜராகாமலேயே, விவாகரத்து வாங்கிய கணவரை எதிர்த்துப் போட்டது. பீஸ் கொடுக்க முடியாமல் வக்கீலைப் பார்க்கவே கூச்சப்பட்டு, ஒரு வருடம் நீதிமன்றப் பக்கமே வரவில்லை. அவர் கைவிடவில்லை, களைத்துப்போயிருந்தார். அப்படிப்பட்டவர்களுக்கு இரண்டு விஷயம் தெரிய வேண்டும். பெண்களுக்கு வருமானம் எவ்வளவானாலும் மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழு மூலம் இலவசமாக வக்கீல் கிடைப்பார், 1987-ஆம் ஆண்டுச் சட்டத்தின் 12-ஆம் பிரிவு அதைத் தருகிறது. இரண்டாவது, கணவர் இறந்துவிட்டாலும் அப்படிப்பட்ட அப்பீல் அதோடு அற்றுப்போகாது. மனைவி விதவையா, விவாகரத்தானவரா என்பதில் சொத்து இருக்கிறது. 1997-ல் எல்லவ்வா வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாக்கியது. கையெழுத்தில்லாத மௌனத்தைப் பார்த்து நீதிபதி ஒரு நோட்டீஸ் அனுப்பிப் பார்ப்பது இவர்களுக்காகத்தான்.

மூன்று முறை

ஏப்ரல் நடுவில் ஒரு நாள். எங்கள் பெண் லீவு போட்டு வந்திருந்தார். வர வேண்டியதில்லை என்று சொல்லியும் கேட்கவில்லை. நீதிமன்ற உதவியாளர் வாசலுக்குப் போய் கணவரின் பெயரைத் தகப்பன் பெயரோடு சேர்த்து உரக்கக் கூப்பிட்டார். வராண்டாவில் நின்றவர்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். இரண்டாம் முறை. மூன்றாம் முறை கூப்பிட்டபோது எங்கள் பெண் துப்பட்டா நுனியை விரலில் சுற்றியபடி படிக்கட்டுப் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தார். வந்துவிடுவாரோ என்ற பயமா என்று பிறகு கேட்டேன். "இல்ல மேடம். அந்தப் பேர அவ்ளோ சத்தமா கேட்டு ரொம்ப நாளாச்சு" என்றார்.

சாயங்காலம் மறுபடி கூப்பிட்டார்கள். மேல்முறையீட்டாளர் ஆஜரில்லை, நோட்டீஸ் சார்வு ஆகியும் வரவில்லை, எதிர்மனுதாரர் தரப்பு ஆஜர், ஆஜராகாமைக்காக அப்பீல் தள்ளுபடி, செலவுத்தொகை இல்லை. அவ்வளவுதான் உத்தரவு.

"இப்போ கட்டிக்கலாமா?" என்றார் அண்ணன். 15-ஆம் பிரிவின் எழுத்துப்படி கட்டிக்கலாம், அப்பீல் தள்ளுபடி ஆகிவிட்டது. ஆனாலும் ஒரு மாதம் பொறுக்கச் சொன்னேன். ஆஜராகாமைக்காகத் தள்ளுபடியானதை மறுபடி கோப்பில் எடுக்கச் சொல்லி, போதிய காரணம் காட்டி, அதே கட்டளை 41-ன் விதி 19-ன்படி மனுப் போடலாம். அதற்குக் காலவரம்புச் சட்டத்தின் 122-ஆம் உறுப்பில் 30 நாள். எண்ணிப் பார்த்தால் முப்பதாவது நாள் மே மாதத்துக் கோடை விடுமுறைக்குள் விழுந்தது. நீதிமன்றம் மூடியிருக்கும்போது கெடு முடிந்தால், திறக்கிற நாளில் தாக்கல் செய்யலாம் என்று அதே சட்டத்தின் 4-ஆம் பிரிவு இடம் தருகிறது. ஆக, ஜூனில் திறக்கும்வரை. ஐந்து மாதம் காத்திருந்த மாப்பிள்ளை வீட்டாரிடம் இன்னும் ஒன்றரை மாதம் என்று சொல்ல அவர்கள் வீட்டுக்கே நான் போனேன். மாப்பிள்ளை எதுவும் பேசவில்லை, காலண்டரை எடுத்து வந்து ஆனியில் முகூர்த்தம் இருக்கிறதா என்று பார்த்தார்.

ஜூனில் நீதிமன்றம் திறந்த அன்று எங்கள் குமாஸ்தா போய்ப் பார்த்தார், இரண்டு நாள் கழித்து மறுபடி பார்த்தார். இந்த முறை பெயர் போட்டுத் தேடுவதோடு நிற்கவில்லை, எஸ்.ஆர். பதிவிலும் விசாரித்தார். எந்த மனுவும் வரவில்லை. தாமதத்தை மன்னிக்கச் சொல்லி எப்போது வேண்டுமானாலும் அவர் வரலாம், அதை முழுசாக யாராலும் மூட முடியாது. ஆனால் நோட்டீஸில் கையெழுத்துப் போட்டும் வராதவருக்கு, மறுமணம் முடிந்த பிறகு அந்தத் தாமதத்துக்குக் காரணம் சொல்வது லேசில்லை.

ஆனியில் வள்ளிமலையில் கல்யாணம் நடந்தது. பதிவுக்குப் போகும்போது சார்பு நீதிமன்றத் தீர்ப்பாணையின் சான்றிட்ட நகலையும், அப்பீல் தள்ளுபடி உத்தரவின் நகலையும் சேர்த்துக் குத்திக் கொடுத்தனுப்பினேன்.

ஆவணி கடைசியில் கணவரின் மாமா எங்கள் அலுவலகத்துக்கு வந்தார். பையனுக்குப் பெண் அமைந்திருக்கிறது, பெண் வீட்டார் "கேஸு முடிஞ்ச பேப்பரு" கேட்கிறார்கள், அவர்களுடைய வக்கீலிடம் இல்லை, எங்கே வாங்குவது என்று தயங்கித் தயங்கிக் கேட்டார். குமாஸ்தா நகல் மனு படிவம் ஒன்றை எடுத்து, வழக்கு எண்ணையும் தள்ளுபடியான தேதியையும் எழுதி, நகல் பிரிவு எந்த மாடியில் இருக்கிறது என்று காட்டி அனுப்பினார்.